டில்லியில் பூ விதைக்கும் பட்டம்



ஆடிப்பட்டம் தேடி விதை என்பது நம் ஊர்ப் பழமொழி. தமிழ்நாட்டிலிருந்து டில்லிக்குப் பிழைக்க வந்தவர்கள் பலர். அவர்கள் இதை மறக்கவில்லை. ஆனால் ஆடி மாதம் டில்லியில் மழை கொட்டும். புழுக்கமும் சேரும். குளிர்காலப் பூ விதையை அப்போது தூவினால் நாற்று அழுகிவிடும். விதை வாங்கிய காசு மண்ணோடு போகும்.

அப்படியானால் டில்லிக்கு எது பட்டம்?

செப்டம்பர் கடைசி முதல் அக்டோபர் கடைசி வரை. நம் கணக்கில் புரட்டாசி, ஐப்பசி. அப்போது மழை நின்றிருக்கும். வெயில் தணிந்திருக்கும். கடுங்குளிர் வந்திருக்காது. விதை முளைக்க இதுதான் நல்ல நேரம்.

தாமதமானால் என்ன ஆகும்?

டிசம்பர், ஜனவரியில் சில இரவுகளில் வெப்பம் 5 டிகிரிக்கும் கீழே போகும். குளிரில் விதை சரியாக முளைக்காது. முளைத்தாலும் செடி மெல்லத்தான் வளரும். ஏப்ரலில் வெயில் ஏறிவிடும். நன்றாகப் பூக்கும் முன்பே செடி காய்ந்துவிடும்.

விதைக்க நிலம் இல்லையா? கவலை வேண்டாம். உடைந்த பக்கெட் போதும். எண்ணெய் டின் போதும். அடியில் ஓட்டை போட வேண்டும். 2 பங்கு மண், 1 பங்கு மக்கிய சாணி எரு, கொஞ்சம் மணல் கலந்து நிரப்ப வேண்டும். வெயில் படும் இடத்தில் வைக்க வேண்டும்.

பெட்டூனியா விதை பொடி போல இருக்கும். அதை மணலோடு கலந்து தூவ வேண்டும். மேலே மண் போடக் கூடாது. காலண்டுலா விதை பெரியது. அதை மெல்லிய மண்ணால் மூட வேண்டும். தண்ணீரைப் பூப்போலத் தெளிக்க வேண்டும். நாற்று 4 இலை விட்டதும் எடுத்து நடலாம்.

ஸ்வீட் பீ என்று ஒரு கொடி உண்டு. வேர் அசைந்தால் அதற்கு ஆகாது. பூக்க வேண்டிய இடத்திலேயே அதை விதைக்க வேண்டும். அதன் விதை பட்டாணி போல இருக்கும். ஆனால் அது விஷம். குழந்தைகள் கைக்கு எட்டாமல் வைக்க வேண்டும்.

குடியரசுத் தலைவர் மாளிகைத் தோட்டம் டில்லியில்தான் இருக்கிறது. முன்பு அதன் பெயர் முகலாயத் தோட்டம். 2023 முதல் அமிர்த உத்யான். பிப்ரவரி, மார்ச்சில் அதை மக்கள் பார்க்கத் திறக்கிறார்கள். ஏன் அந்த மாதங்கள்? குளிர்காலப் பூக்கள் நிறைந்து பூப்பது அப்போதுதான். மாளிகைக்கும் எண்ணெய் டின்னுக்கும் பட்டம் ஒன்றுதான்.

மார்ச் முடிவில் நல்ல காலண்டுலாப் பூக்கள் சிலவற்றைப் பறிக்காமல் விட வேண்டும். அவை செடியிலேயே காயட்டும். விதையை எடுத்துக் காகிதத்தில் மடித்து, ஈரம் படாமல் வைக்க வேண்டும். மேலே பூவின் பெயர், மாதம், ஆண்டு எழுத வேண்டும். எழுதக் கற்ற கைக்கு இது நல்ல வேலை. அடுத்த ஐப்பசிக்கு அந்த விதையைக் காசு கொடுத்து வாங்க வேண்டியதில்லை.