அபூர்வத் தட்டு யாருடைய சொத்து?

(மாணவர் வாசிப்பு வட்டத்தில் பேசியதன் எழுத்து வடிவம்)



ஒரே ஒரு இசைத்தட்டைப் பற்றிப் பேசலாம்னு வந்திருக்கேன். பேரு 'ஹார்ட் ஆஃப் த காங்கோஸ்'. 1977இல் ஜமைக்காவின் கிங்ஸ்டனில் வெளிவந்த ரெகே தொகுப்பு. பாடியவர்கள் செட்ரிக் மைட்டன், ராய்டல் ஜான்சன். அடிக்குரலுக்கு வாட்டி பர்னெட். தயாரித்தவர் லீ 'ஸ்க்ராட்ச்' பெர்ரி. முதல் பதிப்பு சில நூறு பிரதிகள்தான். அந்தத் தட்டை சேகரிப்பாளர்கள் கண்டம் விட்டுக் கண்டம் தேடி, பெரிய விலை கொடுத்து வாங்குகிறார்கள். 'அபூர்வம்' என்கிறார்கள். அந்த அபூர்வம் எங்கிருந்து வந்தது? அதுதான் என் கேள்வி.

பாடியவர்கள் யார்னு முதல்ல பாக்கணும். கரும்புத் தோட்டங்களுக்கு அடிமைகளாகக் கொண்டுவரப்பட்ட ஆப்பிரிக்கர்களின் வழிவந்தவர்கள். பிரிட்டிஷ் அரசு அடிமைமுறையை ஒழித்தபோது தன் காலனிகளுக்கெல்லாம் சேர்த்து 2 கோடி பவுன் நஷ்டஈடு கொடுத்தது. யாருக்கு? அடிமைகளை வைத்திருந்த முதலாளிகளுக்கு. உழைத்தவனுக்கு ஒரு காசு இல்லை. 1962இல் நாடு விடுதலையடைந்தது. அடுத்த ஆண்டே கோரல் கார்டன்ஸ் நிகழ்வைத் தொடர்ந்து ரஸ்தஃபாரிகளைப் போலீஸ் வேட்டையாடியது. அடித்தார்கள், சிறையில் தள்ளினார்கள், சடைமுடியை வெட்டினார்கள். அரசாங்கம் அதற்கு மன்னிப்புக் கேட்டது 2017இல்தான். காங்கோஸ் பாடகர்கள் அந்த ரஸ்தஃபாரி மரபில் நின்று பாடியவர்கள்.

இனி அந்த ஒலிக்கு வருவோம். பெர்ரியின் வீட்டுக் கொல்லையில் கட்டிய 'பிளாக் ஆர்க்' ஸ்டுடியோ. உள்ளே இருந்தது நாலு ட்ராக் ரெக்கார்டர். வசதியான கம்பெனிகளிடம் பதினாறும் இருபத்துநாலும் இருந்த காலம். நாலும் நிறைந்துபோனால் எல்லாத்தையும் கலந்து ஒன்றில் ஏற்றி, காலியான இடத்தில் அடுத்த குரலைச் சேர்ப்பார். ஒவ்வொரு ஏற்றத்திலும் ஒலி கொஞ்சம் மங்கும், கொஞ்சம் அடர்த்தியாகும். தண்ணிக்குள்ளிருந்து கேட்கிற மாதிரி ஒரு ஓசை. நடுவே ஒரு மாடு கத்தும். முதல் பாட்டே படகு வலிக்கும் மீனவனைப் பற்றியது. கரையில் பசியோடு பிள்ளைகள் காத்திருக்கிறார்கள். இன்று நிபுணர்கள் வியக்கிற 'பெர்ரி ஒலி' இல்லாமையோடு மல்லுக்கட்டிய ஒரு மேதையின் கைவேலை.

இந்தத் தொகுப்பை வெளியிட 'ஐலண்ட்' கம்பெனி மறுத்துவிட்டது. பெர்ரி தன் சொந்த லேபிளில் முடிந்த அளவு அச்சடித்தார். சில நூறு என்பது அழகியல் முடிவு இல்லீங்க, முதலீட்டுப் பற்றாக்குறை. ஏழையின் கையில் இல்லாத காசுதான் பணக்காரன் அலமாரியில் அபூர்வமாக உட்கார்ந்திருக்கிறது.

அபூர்வத்தின் மேல் ஆசை ஜமைக்கக் குப்பத்திலும் இருந்ததே என்பீர்கள். இருந்தது. 1950களில் தெருவில் ஒலிபெருக்கி கட்டி ஆட்டம் நடத்திய 'சவுண்ட் சிஸ்டம்'காரர்கள், போட்டியாளனுக்குத் தெரியக்கூடாதுன்னு அமெரிக்கத் தட்டுகளின் லேபிளைச் சுரண்டிவிடுவார்கள். ஆனால் அந்த ரகசியம், தட்டை ஊர் கேட்கப் போடுவதற்காக. பெட்டிக்குள் பூட்டி விலை ஏறக் காத்திருப்பது வேறு. முன்னது பயன்மதிப்பு, பின்னது வெறும் பரிமாற்ற மதிப்பு.

சட்டமும் பாடகன் பக்கம் இல்லை. 1911ஆம் ஆண்டின் பிரிட்டிஷ் காப்புரிமைச் சட்டம்தான் 1993 வரை அங்கே நடந்தது. பாட்டுக்கு இவ்வளவுன்னு கையில் கொடுத்து அனுப்பிவிடுவது வழக்கமாக இருந்தது. பழைய தட்டு கைமாறும்போது எத்தனை மடங்கு விலை ஏறினாலும் பாடியவனுக்கு அதில் பங்கு கிடையாது.

இதனால் சேகரிப்பாளர் எல்லாரும் எதிரிகள் என்று நான் சொல்ல வரலை. முதல் பதிப்பின் ஒலிக்கலவை பின்னால் வந்ததிலிருந்து வேறுபட்டது. அதைத் தேடுவதில் நியாயமான காதும் இருக்கு. 1996இல் மான்செஸ்டரின் 'பிளட் அண்ட் ஃபயர்' இந்தத் தொகுப்பைப் படங்களோடும் வரலாற்றுக் குறிப்போடும் கவனமாக மறுபதிப்புச் செய்தது. தட்டுகளைக் காப்பாற்றி வைத்த ஆர்வலர்கள் இல்லாமல் இப்படிப்பட்ட மறுபதிப்புகள் நடந்திருக்காது. பெட்டியில் கிடந்தது மறுபடி ஆயிரக்கணக்கானோர் காதுக்குப் போனது அப்படித்தான்.

ஆக, சேகரிக்கிறவனிடம் இரண்டு கேள்வி கேளுங்கள். நீ காப்பாற்றியதை யார் கேட்க முடிகிறது? பாடியவனுக்கு என்ன போய்ச் சேர்ந்தது? 2018இல் யுனெஸ்கோ ரெகேயை மானுடத்தின் பண்பாட்டு மரபு என்று பட்டியலில் சேர்த்தது. மகிழ்ச்சி. மானுடத்தின் சொத்து என்று சொல்லும்போது, அதை உண்டாக்கிய கறுப்பு உழைப்பாளியின் கூலிப் பாக்கி அதில் கரைந்துபோய்விடக் கூடாது. தட்டின் விலையைப் பேசுகிற இடத்திலெல்லாம் இந்தப் பாக்கியையும் சேர்த்துப் பேசுவோம்.