பீர்க்கங்கூடு இப்போது வேண்டாம்

திருவனந்தபுரம் ஆர்.சி.சி. புற்றுநோய் மையத்துக்குப் போய் கீமோ ஏற்றி வரும் நம்மூர்க்காரர்கள் நிறைய. அந்த மருந்து புற்றுச் செல்களோடு, வேகமாக வளரும் தோல் செல்களையும் தாக்கும். தோல் வறண்டு வெடிப்பது அதனால்தான்.

பீர்க்கங்கூட்டால் தேய்க்காதீர்கள். மஞ்சளும் எலுமிச்சையும் எரிச்சல் தரலாம். பாசத்தோடு அரைத்து வைத்திருக்கும் அம்மாவிடம் பக்குவமாகச் சொல்லுங்கள். வெதுவெதுப்பான தண்ணீர், வாசனையில்லாத சோப்பு போதும். துண்டால் ஒற்றியெடுத்து, ஈரம் காயுமுன் மணமில்லாத கிரீம் தடவுங்கள், குதிகால், நகக்கண் உட்பட.

மீன் ஆய வேண்டாம். எதிர்ப்புச் சக்தி குறைந்த நேரத்தில் சின்ன முள் கீறல் வழியாகவும் கிருமி நுழையும். வெயிலில் குடை, முழுக்கைச் சட்டை அவசியம். காய்ச்சல் 100.4 டிகிரியைத் தொட்டால் விடியட்டும் என்று காத்திருக்காதீர்கள். அப்போதே ஆஸ்பத்திரிக்குப் போய்விடுங்கள்.