துப்பாக்கியை ஒப்படை என்கிறார்கள் — யாரைப் பார்த்து?

(ஆலைத் தொழிலாளரும் விவசாயத் தொழிலாளரும் கூடிய படிப்பு வட்டத்தில் ஆற்றிய உரை)

தோழர்களே!

1995 டிசம்பர் 17-ந் தேதி இரவு. மேற்கு வங்கத்தில் புருலியா ஜில்லா. வானம் பார்த்த பூமி. கூலி வேலை செய்து பிழைக்கும் ஏழைகள் நிறைந்த ஜில்லா. அன்றிரவு ஒரு விமானம் தாழப் பறந்து வந்து, பாரசூட்டுகளில் பெட்டிகளை இறக்கிவிட்டுப் போயிற்று. விடிந்ததும் வயல் பக்கம் போன ஜனங்கள் கண்டது என்ன? நூற்றுக்கணக்கான ஏ.கே. ரகத் துப்பாக்கிகள்! பத்து லட்சத்துக்கு மேற்பட்ட தோட்டாக்கள்! பல்கேரியா நாட்டில் விலைக்கு வாங்கி, அங்கேயே விமானத்தில் ஏற்றியவை அவை. வாங்குகிறவர் பங்களாதேஷ் சர்க்கார் என்று கையில் ஒரு பொய்க் காகிதம்.

அந்த வழக்கின் கதை நீளமானது. அதை விட்டுவிடுவோம். நாம் கேட்க வேண்டியது ஒன்றுதான்: அரிசி வாங்க வழியில்லாத ஊரின் வயலில் ஐரோப்பாவின் துப்பாக்கி எப்படி வந்து விழுந்தது?

“போனஸ் பாக்கி, கூலி உயர்வு என்று நமக்கு ஆயிரம் பிரச்சினை இருக்க, துப்பாக்கிக் கதை எதற்கு?” என்று சில தோழர்கள் நினைக்கலாம். நியாயமான கேள்விதான். இந்தக் கதையை முடிக்கும்போது பதிலும் கிடைத்துவிடும்.

உபரி என்பது என்ன?

துணி கிடங்கில் தேங்கினால் ஆலை முதலாளி ஷிப்டைக் குறைப்பார். நெல் தேங்கினால் விலை விழும். ஆயுதம் தேங்கினால் என்ன நடக்கும்?

ராணுவங்கள் ஓயாமல் புது மாடல்கள் வாங்குகின்றன. பழையவை “உபரி” என்று பெயர் பெற்றுக் கிடங்குக்குப் போகின்றன. அவற்றை வைத்து மூன்று காரியம்தான் செய்ய முடியும். காவல் போட்டுப் பாதுகாக்கலாம், அதற்குச் செலவு. உடைத்து அழிக்கலாம், அதற்கும் செலவு. விற்கலாம், அதில் வரவு! உபரி ஆயுத அரசியலின் அரிச்சுவடி இதுதான். லாபம் எங்கே இருக்கிறதோ அந்த வாசல்தான் திறக்கும்.

துணியைப் போலத் துப்பாக்கி கிழிவதில்லை. எண்ணெய் தடவி வைத்தால் ஐம்பது ஆண்டு கழித்தும் சுடும். ஒரு யுத்தம் முடிந்தால் அடுத்த யுத்தத்துக்குக் கை மாறும். 1990-ல் கிழக்கு ஜெர்மனி மேற்கு ஜெர்மனியோடு சேர்ந்தது. அதன் ராணுவம் கலைக்கப்பட்டது. ஆயுதங்கள் கலைந்தனவா? இல்லை. துப்பாக்கிகள் துருக்கிக்குப் போயின. போர்க்கப்பல்கள் இந்தோனேஷியாவுக்குப் போயின.

ஜெனீவாவில் இருந்து இந்த விஷயத்தை ஆராயும் நிபுணர்கள் 2017-ம் ஆண்டுக்கு ஒரு கணக்குப் போட்டார்கள். உலகத்தில் அப்போது 100 கோடிக்கு மேல் துப்பாக்கிகள் இருந்தன. போலீசிடம் 2 கோடியே 30 லட்சம். ராணுவங்களிடம் 13 கோடியே 30 லட்சம். மற்ற 85 கோடியே 70 லட்சமும் தனியார் கையில். அந்தத் தனியார் துப்பாக்கிகளில் 39 கோடிக்கு மேல் அமெரிக்கா என்ற ஒரே நாட்டில்! இந்தக் கணக்கை மனதில் வைத்துக்கொண்டு ஒரு சின்ன நாட்டின் கதையைக் கேளுங்கள்.

சீட்டுக் கம்பெனியும் ஆயுதக் கிடங்கும்

அல்பேனியா, கிரீஸ் நாட்டுக்குப் பக்கத்தில் உள்ள மலைநாடு. 1990-களில் அதன் மக்கள் தொகை முப்பது லட்சத்தைச் சற்றே தாண்டியிருந்தது. அங்கே என்வர் ஹோக்ஸாவின் ஆட்சி, முதலில் சோவியத்தோடும் பிறகு சீனாவோடும் உறவை முறித்துக்கொண்டு, எல்லோரும் படையெடுத்து வருவார்கள் என்ற அச்சத்தில் நாட்டையே ஆயுதக் கிடங்காக்கியது. ஒன்றரை லட்சத்துக்கும் அதிகமான கான்கிரீட் பதுங்கு குழிகள் கட்டப்பட்டன. இதை மறைக்க வேண்டியதில்லை. குவித்த ஆயுதம் குவித்தவனோடு போவதில்லை. அது அடுத்த தலைமுறையின் தலையில் விழுகிறது.

பழைய ஆட்சி போயிற்று, சந்தை வந்தது. ஆலைகள் மூடின. வேலை இல்லை. அப்போது முளைத்தன சீட்டுக் கம்பெனிகள். நம் ஊர்களிலும் அவற்றை நாம் அறிவோம். பின்னால் வருகிறவன் பணத்தை எடுத்து முன்னால் வந்தவனுக்கு வட்டி கொடுக்கும் வித்தைதான் அங்கும். 1996-ல் ஒரு கம்பெனி, மூன்று மாதத்தில் போட்ட பணம் மூன்று மடங்கு என்றது. இன்னொன்று, இரண்டே மாதத்தில் இரட்டிப்பு என்றது. விவசாயிகள் ஆடு மாடுகளை விற்றார்கள். பட்டணத்துக்காரர்கள் வீட்டையே விற்றார்கள். ஜனத்தொகையில் மூன்றில் இரண்டு பங்கு பேர் அதில் பணம் போட்டிருந்தார்கள்.

1997 ஜனவரியில் கம்பெனிகள் ஒவ்வொன்றாகக் கவிழ்ந்தன. மாடும் போயிற்று, வீடும் போயிற்று. மக்கள் தெருவுக்கு வந்தார்கள். தெற்கே வ்லோரா நகரில் கலகம் மூண்டது. பெரிஷா சர்க்கார் ராணுவத்தை ஏவியது. ஆனால் சிப்பாய் யார்? அவனும் அதே சீட்டில் பணத்தைப் பறிகொடுத்த விவசாயியின் மகன்தானே! சிப்பாய்கள் முகாமை விட்டு வீட்டுக்குப் போனார்கள். கிடங்குகளின் கதவுகள் திறந்து கிடந்தன. 5 லட்சத்துக்கு மேற்பட்ட துப்பாக்கிகளும் கோடிக்கணக்கான தோட்டாக்களும் வெளியேறின.

பணம் திரும்பி வந்ததா? வரவில்லை. அந்தக் கலவரத்தில் சுமார் 2,000 பேர் மாண்டார்கள். துப்பாக்கி ஜனங்கள் கையில் தங்கியதோடும் நிற்கவில்லை. கள்ளக் கூட்டங்கள் அதை வாங்கின. அடுத்த ஆண்டே பக்கத்துக் கொசோவோவில் நடந்த யுத்தத்துக்கு அது எல்லை தாண்டிப் போயிற்று.

கவனியுங்கள், தோழர்களே! கிடங்கைத் திறந்தது வெறும் காவல் குறைவு மட்டும் அல்ல, வயிற்றெரிச்சல். ஜனங்களைச் சூறையாட விட்டுவிட்டு, ஆயுதக் கிடங்குக்குப் பூட்டுப் போட்டால் போதும் என்று நினைக்கிற சர்க்கார் பூட்டையும் இழக்கும்.

துப்பாக்கிக்குப் பதில் சாலை

பிறகு “ஆயுதங்களை ஒப்படையுங்கள்” என்று உத்தரவு பிறந்தது. உத்தரவுக்கு யார் மசிவார்கள்? போலீசை நம்ப முடியவில்லை. பக்கத்து வீட்டுக்காரனிடம் துப்பாக்கி இருக்கிறது. ‘நான் மட்டும் கொடுத்துவிட்டால் என் மாட்டையும் என் வீட்டு வாசலையும் யார் காப்பது?’ ஏழையின் இந்தக் கேள்வியில் தவறு என்ன?

கிராம்ஷ் என்ற மலை ஜில்லாவில் ஐ.நா. அமைப்பு ஒரு புது வழியைச் சோதித்தது. துப்பாக்கி செய்யும் ஆலையே இருந்த ஊர் அது. துப்பாக்கிக்கு இவ்வளவு என்று காசு கொடுக்கவில்லை. காசு கொடுத்தால் என்ன ஆகும்? அரசாங்கமே ஒரு துப்பாக்கிச் சந்தையைத் திறந்ததாகும். ஓட்டை உடைசலைக் கொடுத்துவிட்டு, அந்தக் காசில் நல்லதை வாங்குவான். கிடங்கில் கை வைக்காதவனுக்கு ஒன்றும் கிடையாது; கை வைத்தவனுக்குப் பரிசு! ஆகவே, ‘ஊராகச் சேர்ந்து கொடுங்கள், ஊருக்கு வேண்டியது வரும்’ என்றார்கள். சாலை போட்டார்கள், தெருவிளக்கு எரிந்தது. அந்த ஒரு ஜில்லாவில் சுமார் 6,000 ஆயுதங்கள் வந்து சேர்ந்தன. வெடிபொருள் 100 டன்னுக்கு மேல். நாடு முழுவதுமாக 2005 வரை திரும்பி வந்தவை 2 லட்சத்துக்கு மேல்.

இதில் பாடம் இருக்கிறது. மிரட்டலுக்கு வராத துப்பாக்கி, விளக்குக்கும் சாலைக்கும் வந்தது. ஆனாலும் போனதில் பாதிகூடத் திரும்பவில்லை. விளக்கு எரிந்த தெருவில் வேலை இல்லை என்றால், வெளிச்சத்தில் பட்டினி கிடப்பதுதான் மிச்சம்!

கெர்டெட்ஸ்: உபரியின் கூலி

இனிமேல்தான் நம் கதை வருகிறது. துப்பாக்கி எண்ணெயில் நிலைக்கும் என்றோம். வெடிமருந்து அப்படியல்ல. நாள்பட்டால் அது கெடும். கெட்ட மருந்து தானே சூடேறும். ஆகவே, அதை அழித்தே தீரவேண்டும்.

அல்பேனியா நேட்டோ ராணுவக் கூட்டில் சேர முயன்ற காலம். பழைய குண்டுகளைத் தீர்த்துக் கட்ட வேண்டியிருந்தது. ஒரு பகுதி விற்பனைக்குப் போயிற்று. அமெரிக்க ராணுவ இலாக்கா, ஆப்கன் படைகளுக்குத் தோட்டா கொடுக்க மியாமி நகரத்து ஏ.இ.ஒய். என்ற கம்பெனியோடு 2007-ல் சுமார் 30 கோடி டாலருக்கு ஒப்பந்தம் போட்டது. இருபது வயதைச் சற்றே தாண்டிய ஒருவர் நடத்திய கம்பெனி அது! அல்பேனியக் கிடங்குகளில் கிடந்த, பல பத்தாண்டு பழைய சீனத் தோட்டாக்களைப் பெட்டி மாற்றி அவர்கள் அனுப்பினார்கள். 2008-ல் அந்த மோசடி அம்பலமாயிற்று.

விற்க முடியாத குண்டுகளைப் பிரித்து, பித்தளை உறையைப் பழைய உலோகமாக விற்கும் வேலையும் கம்பெனிகளுக்கே போயிற்று. இடம், தலைநகர் திரானாவுக்கு அருகே கெர்டெட்ஸ் கிராமம். சுற்றிலும் குடியிருப்பு. வேலை செய்தவர்கள் யார்? ராணுவ நிபுணர்களா? இல்லை. அக்கம்பக்கத்து ஏழைகள். பெண்கள், சிறுவர்கள்கூட. தலையைக் கழற்றி, மருந்தைக் கொட்டி, உறையைத் தனியே அடுக்குவது வேலை. பயிற்சியும் இல்லை, பாதுகாப்பும் இல்லை.

ப்ளோ ரூமில் பஞ்சுத் தூசியின் நடுவே ஒரு பொறி பறந்தால் என்ன ஆகும் என்பது நம் தோழர்களுக்குத் தெரியும். அங்கே பஞ்சு அல்ல, வெடிமருந்து மலையாகக் குவிந்து கிடந்தது. 2008 மார்ச் 15-ந் தேதி பட்டப்பகலில் அந்த இடமே வெடித்துச் சிதறியது. 26 பேர் மாண்டார்கள். சுமார் 300 பேர் காயமடைந்தார்கள். நூற்றுக்கணக்கான வீடுகள் தரைமட்டமாயின.

ராணுவ மந்திரி ராஜினாமாச் செய்தார். மறு வருஷத் தேர்தலில் மறுபடியும் பார்லிமெண்டுக்கு வந்தார். அதையே கவசமாக்கி வழக்கிலிருந்து விலகினார். கீழே இருந்தவர்கள் சிறைக்குப் போனார்கள். ஆனால் பிள்ளைகளை இழந்த குடும்பங்கள் விடவில்லை. ஆண்டுக்கணக்கில் போராடி அந்த வழக்கை மறுபடியும் திறக்கச் செய்தார்கள்.

எங்கோ நடந்தது என்று நினைக்காதீர்கள். மகாராஷ்டிரத்தில் வார்தா ஜில்லா, புல்காவ் ராணுவக் கிடங்கு. 2018 நவம்பர் 20-ந் தேதி, பழைய குண்டுகளை அழிப்பதற்காக இறக்கும்போது வெடித்து 6 பேர் இறந்தார்கள். பெரும்பாலோர் பக்கத்துக் கிராமங்களின் ஒப்பந்தக் கூலிகள். குண்டைச் செய்ய ஆணையிட்டவன் எங்கே? லாபம் பார்த்தவன் எங்கே? அதன் கடைசி நாளில் அதைத் தோளில் சுமந்தவன் மட்டும் நம்மவன்!

மேடையில் நடந்தது

உலகச் சபையில் இது பேசப்படவில்லையா? பேசப்பட்டது. 2001 ஜூலையில் நியூயார்க்கில் சிற்றாயுத மாநாடு கூடியது. யுத்தங்களால் சிதைந்த ஆப்பிரிக்க நாடுகள், சர்க்கார் அல்லாத கூட்டங்களுக்கு ஆயுதம் விற்பதைத் தடுக்க வேண்டும் என்று மன்றாடின. அமெரிக்கப் பிரதிநிதி ஜான் போல்டன் முதல் நாளே மறுத்துவிட்டார். தனியார் வைத்திருக்கும் துப்பாக்கிக்குக் கட்டுப்பாடு என்ற பேச்சுக்கும் இடமில்லை என்றார். இரண்டும் தீர்மானத்திலிருந்து நீக்கப்பட்டன. வெடிபொருளைப் பற்றிய அம்சமும் அதில் இடம்பெறவில்லை. வெடிபொருள் பராமரிப்புக்கென்று ஓர் உலக ஏற்பாடு 2023-ல்தான் வந்தது. கெர்டெட்ஸ் மக்கள் மாண்டு பதினைந்து ஆண்டு கழித்து!

2013 ஏப்ரலில் ஆயுத வர்த்தக உடன்படிக்கைக்கு ஐ.நா. பொதுச் சபையில் 154 நாடுகள் ஆதரவு தந்தன. நம் நாடு நடுநிலை வகித்தது. அமெரிக்கா கையெழுத்திட்டது, பிறகு 2019-ல், அந்தக் கையெழுத்து எங்களைக் கட்டுப்படுத்தாது என்று அறிவித்தது.

கீழே இருப்பவனுக்குச் சட்டம். மேலே இருப்பவனுக்குச் சலுகை. மாலி நாட்டு மக்கள் 1996 மார்ச்சில் திம்புக்துவில் சுமார் 3,000 துப்பாக்கிகளைக் குவித்துத் தீ மூட்டினார்கள். உள்நாட்டு யுத்தம் ஓய்ந்ததற்கு அடையாளம் அது. 2011-ல் நேட்டோ விமானங்கள் லிபியாவைத் தாக்கின. அங்கிருந்த கிடங்குகள் காவலற்றுப் போயின. அந்த ஆயுதங்கள் பாலைவனம் கடந்து வந்தன. 2012-ல் மாலியின் வடபகுதி மறுபடியும் யுத்தகளமாயிற்று. ஏழைகள் எரித்ததைப் பணக்கார நாடுகளின் யுத்தம் திருப்பிக் கொண்டுவந்து போட்டது!

நாம் கேட்பது

ஆயுதக் குறைப்பை நாம் எதிர்க்கவில்லை. நம்மைவிட அதை விரும்புகிறவர் யார்? துப்பாக்கி மலிந்த ஊரில் முதலில் சாவது கூலிக்காரன்தான்; அங்கே சங்கம் கூட்டம் போட முடியாது. ஆனால் அது எங்கிருந்து துவங்க வேண்டும் என்பதே கேள்வி.

உபரி ஆயுதத்தை விற்காதே, அழித்துவிடு! அழிக்கும் செலவைக் குவித்தவனும் செய்து விற்றவனும் ஏற்கட்டும்! எந்தக் கிடங்கில் எவ்வளவு இருக்கிறது, யாருக்குப் போகிறது என்ற கணக்கை மக்கள் சபைகளின் முன் வை! அழிக்கும் வேலையைக் கான்ட்ராக்டர் கையில் விடாதே. பயிற்சியும் பாதுகாப்பும் நிரந்தர வேலையும் உள்ள தொழிலாளியிடம் கொடு! துப்பாக்கியை ஒப்படைக்கும் ஊருக்கு வேலை கொடு!

இவை பெரிய ராஜதந்திரிகளுக்கு மட்டுமே புரிகிற விஷயங்கள் அல்ல. ‘இந்த மூட்டையில் என்ன இருக்கிறது, இதைத் தூக்கினால் என்ன ஆபத்து?’ என்று கேட்கத் தெரிந்த ஒவ்வொரு தொழிலாளிக்கும் இவை புரியும்.

துப்பாக்கிக் கதை எதற்கு என்று கேட்ட தோழர்களுக்கு இதுதான் பதில். புருலியா வயலில் விழுந்த பெட்டியும், கெர்டெட்ஸில் குவிந்த மருந்தும், புல்காவில் இறக்கிய குண்டும் ஒரே கணக்குப் புத்தகத்தின் வெவ்வேறு பக்கங்கள். அந்தப் புத்தகத்தில் வரவு ஒருவருக்கு, சாவு நமக்கு. அந்தக் கணக்கைத் திறந்து காட்டு என்று கேட்பது கூலி உயர்வு கேட்பதைப் போலவே நம் உரிமை. அதைக் கேட்போம், தோழர்களே!