ஆடிப்பட்டமும் அயலூர் மழையும்

"ஆடிப்பட்டம் தேடி விதை" என்னும் பழமொழி, நாம் தமிழகத்தை விட்டு எத்தனை தொலைவு சென்று குடியேறினாலும் நம்முடனேயே வருகிறது. திருவனந்தபுரம் வலியசாலையில் தலைமுறைகளாக வாழ்ந்துவரும் தமிழ்க் குடும்பங்களும் அதை மறந்தாரில்லை. ஆயினும் அங்கே அதனை எழுத்துக்கு எழுத்து பின்பற்றி, ஆடியில் கத்தரி விதையைத் திறந்த கொல்லையில் தெளித்தோமானால், முளை கிளம்புமுன் மழை வாரிக்கொண்டுபோய்க் கிள்ளியாற்றில் சேர்த்துவிடும். வாராமல் விட்ட நாற்றும் ஈரம் மிகுந்து அடித்தண்டு அழுகிச் சாயும்.

காரணத்தைத் தேடி நெடுந்தொலைவு செல்ல வேண்டுவதில்லை. ஆரல்வாய்மொழிக் கணவாய்க்குக் கிழக்கே தென்மேற்குப் பருவக்காற்று பெரும்பாலும் மழை வற்றியே வீசும். அங்கு நல்ல மழை ஐப்பசியிலும் கார்த்திகையிலும்தான். ஆகவே ஆடியில் விதைத்து, வேரூன்றிய பயிருக்கு அம்மழையை வாங்கிக் கொடுப்பது உழவரின் கணக்கு. மலைக்கு மேற்கிலோ, ஜூன் முதல் தேதியை ஒட்டியே மழை தொடங்கிவிடும். வைகாசியை இடவம் என்றும் ஆடியைக் கர்க்கடகம் என்றும் வழங்கும் அந்நாட்டார், பருவமழையின் தொடக்கத்தையே இடவப்பாதி என்பர். மாதம் ஒன்றே, வானம் வேறு.

அவ்வாறாயின் எப்பொழுது விதைப்பது? மழை தொடங்கும் நாளிலிருந்து பின்னோக்கி எண்ண வேண்டும். கத்தரி, மிளகாய் நாற்று பிடுங்கி நடும் பருவம் எய்த ஏறக்குறைய ஒரு மாதம் ஆகும். எனவே சித்திரையில் நாற்றுவிட்டு, முதல் மழையில் மேட்டுப் பாத்தியில் நடுவது முறை. தக்காளிக்குப் பெருமழை ஆகாது. புரட்டாசியில் கூரை நிழலில் நாற்றுவிட்டு, துலாமழை சற்றே தணியும்போது நட்டால் போதும். செங்கீரையை மழைக்காலத்தில் விதைத்தால் இலையெங்கும் வெண்புள்ளி விழும். பச்சைக் கீரை ஓரளவு தாங்கும். சேனைக்கு மாசி மாதமே உரியது. அம்மாதத்தை அங்குக் கும்பம் என்பர். கும்பத்தில் நட்ட சேனை குடத்தளவு பருக்கும் என்று மலையாளிகள் சொல்வதும் உண்டு.

அவரையின் செய்தி சற்றுத் தனியானது. நம் ஊர்ப் பந்தல் அவரையில் பலவகை, பகற்பொழுது குறுகிய பின்னரே பூக்கும். பகலின் அளவு திருநெல்வேலியிலும் திருவனந்தபுரத்திலும் ஏறக்குறைய ஒன்றேயாதலின், அவரைக்கு மட்டும் ஆடிப்பட்டம் இங்கும் பொருந்தும். ஆனால் மழைக்குத் தப்ப வேண்டுமே! துளையிட்ட சிரட்டையில் மண்ணிட்டு, தாழ்வாரத்தில் முளைக்கவைத்து, நான்கைந்து இலை விட்டபின் சிரட்டையை உடைத்து வேர் அசையாமல் நட்டுவிடலாம்.

காலம் தவறாது நட்ட கத்தரியும் பச்சை மாறாமலே ஒரே நாளில் துவண்டுவிடுவதுண்டு. தண்ணீர்க் குறைவென்று எண்ணிக் குடம் குடமாக ஊற்றுவதில் பயனில்லை. தண்டை நறுக்கித் தெளிந்த நீரில் நிறுத்திப் பாருங்கள். வெண்மையான கசிவு நூல்போல் இறங்கினால் அது பாக்டீரியா வாடல் நோய். புளிப்பு மிகுந்த கேரள மண்ணில் இது சாதாரணம். மண்ணில் சுண்ணாம்பு சேர்ப்பதோடு, 1971இல் நிறுவப்பட்ட கேரள வேளாண் பல்கலைக்கழகம் வெளியிட்ட சூரியா கத்தரி, சக்தி தக்காளி, உஜ்வலா மிளகாய் ஆகிய எதிர்ப்பு வகைகளை நாடுவது நன்று. ஊர் விதைமேல் நமக்குப் பற்று மிகுதிதான். இந்த ஒன்றில் அதைச் சற்றே விட்டுக்கொடுக்கலாம்.

தில்லியில் வாழும் நேயர்களுக்குக் கணக்கு மீண்டும் மாறும். அங்கே அஞ்சத்தக்கது உறைபனி. கோடைத் தக்காளிக்கு நவம்பரில் காப்பிட்ட பாத்தியில் நாற்றுவிட்டு, பனி நீங்கும் ஜனவரிக் கடைசியில் நடுகின்றனர். சிம்லா போன்ற குளிர்மலைகளிலும் மேனாடுகளிலும், கடைசி உறைபனி நாளைக் குறித்துக்கொண்டு, அதற்கு ஆறு அல்லது எட்டு வாரம் முன்னதாக வீட்டிற்குள்ளேயே தக்காளி விதையிடுகின்றனர். வலியசாலைக்காரர் மழையிலிருந்து பின்னோக்கி எண்ணுவதுபோல், அவர்கள் பனியிலிருந்து எண்ணுகின்றனர்.

விதை சேமிப்பிலும் கவனம் தேவை. கர்க்கடகத்து ஈரக்காற்றில் துணி முடிச்சிலுள்ள விதை விரைவில் முளைப்புத்திறன் இழக்கும். நன்றாக உலர்த்தி, சாம்பல் கலந்து, மூடி இறுகிய புட்டியில் வைத்தல் வேண்டும். ஊரிலிருந்து அவரை விதை வரவழைப்போர் சித்திரையிலேயே சொல்லிவைத்து, மழைக்குமுன் அது கைக்கு வந்துசேரும்படி பார்த்துக்கொள்வது நலம்.