ஓசை அறிந்த கலைஞர்

திரைப்படம் கண்ணுக்குரிய கலை என்றே நாம் எண்ணி வருகிறோம். ஆயினும், கண்ணை மூடிக்கொண்டாலும் படம் நம்மை விடுவதில்லை. கதவைத் தாழிடும் ஓசை, தொலைவில் செல்லும் இரயிலின் கூவல், ஒருவர் பேச்சை நிறுத்தியபின் நிலவும் அமைதி ஆகியவற்றால் கதையின் பெரும்பகுதியைச் செவி வழியே அறிந்துகொள்கிறோம். அப்பகுதியைப் படைப்பவர்கள் இசையமைப்பாளரும் ஒலிப்பதிவாளரும் ஆவர். பொருள் வசதி குறைந்த சிறு படங்களில் இவர்களுடைய பணி எத்தகையது என்பதைப் புனே நகரத்தை முன்வைத்துச் சற்றே ஆராய்வோம்.

புனேயைத் தேர்ந்ததற்குக் காரணம் உண்டு. கோல்ஹாப்பூரில் தோன்றிய பிரபாத் படக்கம்பெனி 1933இல் அந்நகருக்குக் குடிபெயர்ந்தது. 1937இல் சாந்தாராம் அங்கு இயக்கிய ‘குங்கூ’ என்னும் மராத்திப் படத்தில், பின்னணி இசை எனத் தனியே எதுவும் சேர்க்கப்படவில்லை. காட்சிக்குள் இயல்பாக எழக்கூடிய ஒலிகளே உணர்ச்சியைத் தாங்கி நின்றன. அதன் பாடல்களுக்கு இசையமைத்தவர் கேசவராவ் போளே. பின்னர் அந்தப் பிரபாத் வளாகத்திலேயே 1960இல் இந்திய அரசின் திரைப்படக் கல்வி நிலையம் தொடங்கப்பெற்றது.

அந்நிலையத்தில் 1965 முதல் பதினைந்து ஆண்டுகள் இசை கற்பித்தவர் பாஸ்கர் சந்தாவர்க்கர். 1936இல் பிறந்த அவர், இரவிசங்கரிடம் சிதார் பயின்றவர். 1972இல் மேடையேறிய ‘காசிராம் கோத்வால்’ என்னும் மராத்தி நாடகத்தின் இசை அவருடையது. குமார் சஹானியின் ‘மாயா தர்ப்பண்’, கிரீஷ் கர்னாடின் ‘ஒந்தானொந்து காலதல்லி’, 1984இல் கான் விழாவில் காட்டப்பட்ட மிருணாள் சென்னின் ‘கண்டஹர்’ என இந்தியிலும் கன்னடத்திலும் அவர் இசையமைத்தார். மொழிகள் வேறாயினும், இவை யாவும் வணிகச் சந்தையின் போக்கிற்கு ஒதுங்கி நின்ற படங்களே. அவர் 2009இல் மறைந்தார்.

இத்தகைய படத்தில் இசையமைப்பாளருக்கு நேரும் சோதனை யாது? உரையாடல், இசை, இயற்கை ஒலி ஆகிய மூன்றும் தனித்தனியே பதிவாகி, இறுதியில் ஒன்றாகக் கலக்கப்படுகின்றன. முற்றத்துக் கிணற்றின் உருளை கிறீச்சிடும் காட்சி ஒன்றைக் கற்பனை செய்வோம். அங்கே வயலினும் உச்ச சுருதியில் ஒலித்தால், ஒன்று மற்றொன்றை விழுங்கிவிடும். இசையமைப்பாளரும் ஒலிப்பதிவாளரும் முன்னரே கலந்து பேசியிருந்தால், உருளைக்கு இடம் விட்டு, அது ஓய்ந்தபின் ஒற்றைத் தந்தியை மீட்டினாலே போதும். ஐம்பது வாத்தியங்களுக்குப் பணம் இல்லாத தயாரிப்பாளருக்கு இது சிக்கனம். கதைக்கோ இதுவே செல்வம். எங்கே வாசிக்கக் கூடாது என்னும் தெளிவுதான் இத்தொழிலில் கடினமான பாடம்.

தமிழுக்கும் இதில் பங்குண்டு. ‘காசிராம் கோத்வால்’ 1976இல் படமானபோது, அதை இயக்கிய குழுவில் ஒருவர், புனேயில் பயின்ற கே. ஹரிஹரன். அவரே 1982இல் ‘ஏழாவது மனிதன்’ என்னும் தமிழ்ப் படத்தை எடுத்தார். பாரதியார் பாடல்களுக்கு எல். வைத்தியநாதன் அதில் அமைத்த இசையை நம்மவர் இன்றும் விரும்பிக் கேட்கின்றனர்.

எனினும், சிறு படம் ஒன்றே குடும்பத்தைக் காப்பாற்றும் என்று நம்புவதற்கில்லை. ஆகவே இக்கலைஞர்களிற் பலர் கற்பிக்கின்றனர். நாடகத்திற்கும் செய்திப் படங்களுக்கும் உழைக்கின்றனர். பெரிய படங்களிலும் பணி ஏற்கின்றனர். புனே நிலையத்தில் 1995இல் படிப்பை முடித்த ரசூல் பூக்குட்டி, 2009இல் வேறிருவருடன் ஒலிக்கலவைக்கான ஆஸ்கார் பரிசு பெற்றார். அத்தகைய புகழ் மிகச் சிலருக்கே வாய்க்கிறது. ஏனையோர் பெயர்கள், நாம் இருக்கையைவிட்டு எழும் நேரத்தில் திரையில் ஓடி மறைகின்றன.

இக்கலைக்கு நாம் செய்யக்கூடிய உதவி ஒன்று உண்டு. அடுத்த முறை ஒரு சிறு படத்தைக் காணும்போது, இசை எங்கே தொடங்குகிறது என்பதோடு எங்கே நிற்கிறது என்பதையும் கவனிப்போம். அந்த இடத்தில் என்ன கேட்கிறது என்று செவி சாய்ப்போம். அவ்வாறு கேட்கும் கூட்டம் பெருகினால், மௌனத்திற்கு இடம் விடத் துணியும் கலைஞர்க்கு வேலையும் பெருகும்.